கள்ளக்காதல் படம் ஓடின கிழமைகள்

தியேட்டர் துப்புரவு வேலைக்காரனுக்கு எல்லாப் படத்தின் முடிவும் தெரியும், ஒரு படத்தின் தொடக்கமும் தெரியாது. வெளிச்சம் போடுவதற்குக் கொஞ்சம் முன்னதாகவே தும்புத்தடியோடு கதவடியில் நிற்கவேண்டும். நான் டேனிஷ் வாசிக்கப் பழகியதே திரையின் அடியில் ஓடும் அந்தக் கடைசி வரிகளில்தான். டென்மார்க்கின் எஸ்பியர்க் நகரில் அந்தப் பிரெஞ்சுப் படம் ஓடியபோதும் நான் கண்டது இவ்வளவுதான்: ஹோட்டல் அறையில் மனைவியும் காதலனும், கதவுக்கு வெளியே சுடத் துவக்கோடு புருசன்.

இரவு வேலை செய்கிறவர்களே, இப்படிப்பட்ட படம் எங்களை என்னவெல்லாம் யோசிக்க வைக்கும் என்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. என் மனைவிக்கு முதியோர் இல்லத்தில் பகல் வேலை. அவள் வர நான் போவேன். முன்பெல்லாம் போன் எடுத்து "எப்ப வாறியள்?" என்று கேட்பாள். கொஞ்ச நாளாக அதையும் கேட்பதில்லை.

இடம் மாறி இருந்தவர்

கோயில் நிர்வாகத்து அண்ணை ஒருவர். எங்கடை ஆக்கள் கண்டால் கதை வரும் என்று பிள்ளைகளின் கார்ட்டூன் படத்துக்கு டிக்கெட் எடுத்துக்கொண்டு, இந்தப் படத்துக்குள் நுழைந்துவிட்டார். இங்கே ஆளுக்கொரு இருக்கை எண் உண்டு என்பதை யோசிக்கவில்லை. டேனிஷ்காரி ஒருத்தி தன் இடத்தைக் கேட்டு அவர் முன்னால் நிற்க, தமிழ் தெரிந்தவன் என்று என்னைக் கூப்பிட்டார்கள். அண்ணை மூக்கில் கிடந்த கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு சொன்னார்: "தம்பி, கண்ணாடியை விட்டிட்டு வந்ததால படம் மாறிப்போச்செண்டு அவவுக்குச் சொல்லும்."

கைகோர்த்து வந்தவர்கள்

எழுபது தாண்டிய டேனிஷ் சோடி. படம் முடிந்தபோது கிழவர் நல்ல நித்திரை. அவர் சுவெட்டரில் கிடந்த பொப்கோர்னைத் தட்டிக்கொண்டிருந்த மனைவியிடம், படம் எப்படி என்று கேட்டேன். "அந்தப் பெண்ணுக்கு மூளை இல்லை. நானென்றால் பிடிபட்டிருக்கமாட்டேன்" என்றார். கிழவர் கண்ணைத் திறக்காமலே சொன்னார்: "பிடிபட்டாய். நான்தான் சொல்லவில்லை."

கடைசி வரிசை

அடுத்த கிழமை பின்னேரக் காட்சி முடிந்து வெளிச்சம் வர, கடைசி வரிசையில் என் மனைவி. வேலை உடுப்புக்கு மேலே ஜாக்கெட். பக்கத்து இருக்கையைத்தான் முதலில் பார்த்தேன். அங்கே அவளுடைய கைப்பை இருந்தது.

"உமக்கு இந்தப் படம் என்னத்துக்கு? புருசனுக்குத் துரோகம் செய்தவளின்ர கதை" என்றேன். அவள் எழும்பவில்லை. "நீங்கள் முடிவை மட்டும் பாத்திட்டு அவளில பிழை பிடிக்கிறியள். முதல் பாதியைப் பாருங்கோ. அந்த மனுசன் ஒருநாளாவது வீட்டில இருந்து சாப்பிட்டவனோ?"

தியேட்டரை விட்டுப் பகல் வேலைக்கு மாறிய பிறகு எந்தப் படத்தின் முடிவும் எனக்குத் தெரியாமல் போய்விட்டது, இரவுச் சோறு மட்டும் சூடாக இருக்கிறது.