ஆறாவது சுவிட்ச்

வெள்ளாற்றில் வெள்ளம் புரண்டு, புவனகிரிப் பாலத்துக்கு இந்தப் பக்கமே பஸ்களெல்லாம் நின்று, சனங்கள் இறங்கி நின்று வேடிக்கை பார்த்தார்களே, அந்த மழை ஓய்ந்து வந்த தை மாதம் என்றால் எங்கள் வயசுக்காரர்களுக்குச் சட்டென்று பிடிபடும். அந்தத் தை மாதத்தை நான் மூக்கால்தான் ஞாபகம் வைத்திருக்கிறேன். சூடேறிய தூசியின் வாசனை, அதற்குள் ஈயம் பற்றவைத்த புகை, அதற்கும் உள்ளே கனி பாய் கண்ணாடி துடைக்கிற துணியிலிருந்து வரும் அத்தர். எனக்கு எழுத வராது. நான் சொல்லச் சொல்ல மருமகள் எழுதுகிறாள். என் பேச்சைத் திருத்திக்கொள்ளட்டும், மற்றவர்கள் பேசியதை மட்டும் அப்படியே விட்டுவிடச் சொல்லியிருக்கிறேன்.

கனி பாய் பரங்கிப்பேட்டைக்காரர். கொஞ்ச காலம் பினாங்கில் இருந்துவிட்டுத் திரும்பியவர், வரும்போது பீரோ உயரத்தில் ஒரு வீடியோ கேம் பெட்டியைக் கொண்டுவந்து சிதம்பரம் மேல வீதியில் ஓர் ஒற்றை அறைக் கடையில் வைத்தார். கீழே ஒரு சின்ன விமானம், மேலிருந்து கும்பலாக எதிரி விமானங்கள், அவ்வளவுதான் விளையாட்டு. ஊரில் அதற்குச் "சண்டைப் பெட்டி" என்று பெயர். மார்கழித் தேருக்கு வந்த சனம் சாமி பார்த்த கையோடு அதையும் பார்த்துவிட்டுப் போனது. காலையில் ஒரு தரம் போட்டால் ராத்திரி கடை மூடும்வரை பெட்டியை யாரும் அணைக்கக்கூடாது. அணைத்து அணைத்துப் போட்டால் "டியூப் போயிடும்" என்பது பாயின் கட்டளை. இதை நன்றாக ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேண்டும்.

எனக்கும் என் மாமன் மகன் காசிக்கும் அப்போது பதினாறு வயசு. இரண்டு பேருமே பள்ளிக்கூடத்து வாசலை மிதித்ததில்லை. மாமா அம்பலம் காய்கறி மார்க்கெட்டில் கைவண்டி இழுக்கிறவர். தோளில் கயிறு அழுத்திய இடம் மாட்டுக் கழுத்து மாதிரி காய்த்துப் போயிருக்கும். விளையாட்டில் நான் கெட்டிக்காரன், காசி சுமார். ஆனால் கூட்டம் காசியைத்தான் தேடும். காசு போடுவதற்கு முன்னால் பெட்டித் திரையில் நாலு வரி இங்கிலீஷ் வரும். காசி கண்ணாடியில் படாமல் வரிக்குக் கீழே விரலை இழுத்துக்கொண்டே, "இன்சர்ட் காயின். பிரஸ் ஸ்டார்ட் பட்டன். மூவ் லெப்ட் ரைட். ஷூட் ஆல் எனிமி" என்று கணீரென்று படித்துவிட்டு, "அதாவது என்னான்னா" என்று தமிழில் விளக்கமும் சொல்வான்.

அவனுக்கு ஓர் எழுத்தும் தெரியாது. அது எனக்கு மட்டும்தான் தெரியும். பெட்டி கெட்டுப்போனால் கடலூர் முதுநகரிலிருந்து தாஸ் அண்ணன் என்று ஒரு மெக்கானிக் வருவார். அவர் ஒரு நாள் அந்த நாலு வரியை எங்களுக்காக மூன்று தரம் படித்துக் காட்டினார். மூன்றாவது தரத்தில் காசிக்கு மனப்பாடம். எந்த வரி எங்கே என்று இடத்தை வைத்துத்தான் அவன் சொன்னான்.

அன்றைக்கே தாஸ் அண்ணன் பெட்டியின் முதுகைத் திறந்து, என்னை டார்ச் பிடிக்கச் சொல்லி, உள்ளே அரிசி மணி அளவில் வரிசையாக எட்டு வெள்ளைச் சுவிட்ச் இருந்ததைக் காட்டினார்.

"இந்த ஆறாவத தள்ளிட்டா இங்கிலீஷ் போய் ஜப்பான் எழுத்து வந்துரும்டா. ஆனா ஒடனே வராது. ஒரு தரம் கரண்ட் போய் வரணும்."

காசி அப்போது டீ வாங்கப் போயிருந்தான்.

பொங்கல் கழிந்த வாரம் பினாங்கிலிருந்து கனி பாயின் மச்சான் வருகிறார் என்றும், அவர் கடைக்கு ஒரு பையன் வேண்டுமாம், கொஞ்சம் இங்கிலீஷ் தெரிந்தால் தேவலையாம் என்றும் பேச்சு வந்தது. பாய் காசியின் பெயரைச் சொன்னார். மாமாவுக்குத் தரையில் கால் நிற்கவில்லை. மார்க்கெட் முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிந்தார்.

"நான் இழுக்கிற வண்டியில எம்புள்ள கைய வைக்கமாட்டான். சீமையில நெழல்ல ஒக்காந்து எழுதுவான்."

என்னைப் பார்த்தால் மட்டும் குரல் மாறும். "இன்னாடா கலியா, நீ அந்தப் பெட்டியப் போட்டுக் குத்தத்தான் லாயக்கு. இரு, அவன் போனப்பறம் வண்டிய ஒனக்கே குடுத்துட்றேன்."

எல்லோரும் சிரிப்பார்கள். காசியும் சிரிப்பான். மற்றவர்கள் சிரித்தது எனக்கு மறந்துபோனது.

வெள்ளிக்கிழமை மூன்று மணிக்குக் காசி அந்த மச்சானுக்குப் பெட்டியைப் படித்துக் காட்டுவதாக ஏற்பாடு. பாயும் பினாங்குக்காரரும் பகல் தொழுகைக்குப் போயிருந்தார்கள். கடையைப் பார்த்துக்கொள்ள என்னை வைத்துவிட்டுப் போனார் பாய். பெட்டியின் முதுகுக் கதவுக்குப் பூட்டு கிடையாது, ஒரு கம்பியை வளைத்துச் செருகியிருக்கும். கம்பியை எடுத்தேன், எண்ணினேன், ஆறாவதை நகத்தால் தள்ளினேன். முன்பக்கம் வந்து பார்த்தேன். இங்கிலீஷ் அப்படியே இருந்தது. அந்தக் காலத்தில் தினமும் சாயங்காலத்துக்குள் எப்படியும் ஒரு தரம் கரண்ட் போய் வரும். அதுவரை நேரம் இருந்தது. பழையபடி தள்ளிவிட என் நகம் போதும்.

மூன்று மணிக்கு எல்லோரும் வந்தார்கள். மாமா துவைத்த சட்டை போட்டிருந்தார், காசி தலையில் எண்ணெய் வழிந்தது. பினாங்குக்காரர் ஸ்டூலில் உட்கார்ந்து டீயை வாயில் வைத்தார், கரண்ட் போனது. கடைக்குள் இருட்டு. காசி தடவிக்கொண்டு வந்து என் கையைப் பிடித்தான். அவன் உள்ளங்கை நனைந்திருந்தது.

"கலியா, படபடன்னு இருக்குடா. நான் போய்ட்டா ஒரே வருசத்துல ஒன்னயும் கூப்ட்டுக்குறேன். கோயில் மேல சத்தியம்டா மச்சான்."

பெட்டியின் முதுகு என் முழங்கைக்குப் பக்கத்தில் இருந்தது. பத்து நிமிஷத்துக்குக் கரண்ட் வரவில்லை. நான் அவன் கையைப் பிடித்துக்கொண்டே நின்றேன்.

வெளிச்சம் வந்தது. பெட்டி விழித்துக்கொண்டது. நாலு வரி வந்தது, குச்சியும் கொக்கியுமாக. எழுத்து வேறு என்று காசிக்குத் தெரிந்துவிட்டது. அவன் விரலை மடக்கிக்கொண்டதைப் பார்த்தேன். "அட, இது என்னா இது" என்று பாய் வாயைத் திறந்தார். பினாங்குக்காரர் கண்ணைச் சிமிட்டி, "சும்மா இருங்க மச்சான்" என்று அடக்கிவிட்டு, "தம்பி, படிங்க பாப்போம்" என்றார்.

"படிடா! வெக்கப்படாத!" என்றார் மாமா.

காசி விரலை நீட்டினான். "இன்சர்ட் காயின்" என்றான். "பிரஸ் ஸ்டார்ட் பட்டன்." நாலு வரியும் முடித்து, பழக்கத்தில் "அதாவது என்னான்னா" என்றும் சொல்லிவிட்டான்.

பினாங்குக்காரர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். வாசலில் நின்ற கல்லூரிப் பையன்கள் இருவர் சுவரில் சாய்ந்து சிரித்தார்கள். எழுத்து தெரியாத மாமா, எல்லோரையும் சுற்றிப் பார்த்துவிட்டு, அவர்களை விடச் சத்தமாகச் சிரித்தார். "பாத்தீங்களா! தண்ணி பட்ட பாடு அவனுக்கு!"

அதோடு விட்டிருக்கலாம். பினாங்குக்காரர் பையிலிருந்து ஒரு தைல பாட்டிலை எடுத்து, சீன எழுத்து ஒட்டியிருந்த பக்கத்தைக் காட்டி, "இதுல என்னா போட்டிருக்கு தம்பி?" என்றார். மாமா காசியின் முதுகில் தட்டினார். காசி அந்த பாட்டிலைக் கையில் வாங்கி, விரலை வைத்து, வாய்க்குள்ளேயே, "இன்சர்ட் காயின்" என்றான். ஒருவர் சிரித்துச் சிரித்து டீயைக் கொட்டிக்கொண்டார்.

கண்ணைத் துடைத்தபடி பினாங்குக்காரர் என் பக்கம் திரும்பினார். "நீ படிப்பியாடா?"

"எனக்குப் படிக்கத் தெரியாதுங்க."

"பாத்தீங்களா மச்சான், இவன் பொய் சொல்லமாட்டான். கடைக்கு இவன்தான் வேணும்."

மறுநாள் காலையில் கடை திறந்ததும், பாய் பெட்டியைப் போடுவதற்கு முன்னால் ஆறாவதைப் பழையபடி தள்ளிவிட்டேன். இங்கிலீஷ் வந்தது. காசி வந்து ரொம்ப நேரம் திரையைப் பார்த்தான், கண்ணைக் கசக்கினான், பிறகு என்னைக் கேட்டான்.

"நேத்து என் கண்ணுதான் மாறிப்போச்சாடா?"

"ஆமாண்டா" என்றேன். "பயத்துல அப்பிடித்தான் தெரியும்."

அதற்குப் பிறகு நடந்ததுதான் இன்னும் கொடுமை. மாமாவிடம் யாரும் உண்மையைச் சொல்லவில்லை. தன் மகன் படித்த அழகைப் பார்த்து வெளிநாட்டுக்காரன் வியந்து சிரித்ததாகவே அவர் நம்பினார். "ஜாஸ்தி தெரிஞ்சவன கூட்டிட்டுப் போனா கடையவே புடிச்சிக்குவான்னு பயந்துட்டானுங்க" என்பார். மார்க்கெட்டில் பொழுது போகாவிட்டால், "அம்பலம் மாமா, காசி படிச்சானே, அந்தக் கதைய எடுத்து வுடுங்க" என்று டீ வாங்கிக் கொடுத்து உட்காரவைப்பார்கள். அவர் விரலை இழுத்து, குரலை ஏற்றி, நடித்தே காட்டுவார். வண்டியின் இன்னொரு கயிறு காசியின் தோளில் இருக்கும். அவன் தலையைக் குனிந்துகொண்டு நிற்பான்.

நான் பினாங்கில் பதினெட்டு வருஷம் மூட்டை பிரித்தேன். அந்தக் கடையில் ஒரு நாளாவது, ஒருவராவது, என்னிடம் எதையும் காட்டிப் படிக்கச் சொன்னதில்லை. நான் போன மூன்றாம் வருஷம் காசி சேத்தியாத்தோப்பு சந்தைக்குப் பாரத்தோடு போனவன், வண்டியை அங்கேயே விட்டுவிட்டு எந்த லாரியிலோ ஏறிப் போய்விட்டான் என்று கேள்வி. மாமா செத்ததற்கும் அவன் வரவில்லை.

இப்போது நான் கடலூர்ப் பக்கம் குடிகாட்டில் மகனோடு இருக்கிறேன். போன மாதம் பேரன் போனில் ஒரு பழைய விமான விளையாட்டை வைத்துக்கொண்டு, "தாத்தா, இதுல இன்னா பாஷை வேணும்னாலும் மாத்தலாம்" என்று விரலால் தட்டினான். தட்டிய கையோடு குச்சியும் கொக்கியுமாக வந்து நின்றது. கரண்ட் போகவில்லை, இருட்டவில்லை, பத்து நிமிஷம் இல்லை. மேல வீதியில் அந்தக் கடை இப்போது போன் உறை விற்கிறது. கனி பாய் இல்லை, தாஸ் அண்ணன் இல்லை, பெட்டி எந்த இரும்புக் கடைக்குப் போனதோ தெரியாது. அந்த மத்தியானத்தை முழுசாகத் தெரிந்தவன் நான் ஒருவன்தான்.

காசிக்கு இடது புருவத்தில் ஒரு வெட்டு இருக்கும். எந்த எழுத்தைப் பார்த்தாலும் வரிக்குக் கீழே விரலை இழுப்பான். உயிரோடு இருந்தால் என் வயசு. லாரி செட்டிலோ மார்க்கெட்டிலோ அப்படி ஒருவரைப் பார்த்தால், நான் மன்னிப்புக் கேட்டதாகச் சொல்ல வேண்டாம். இதை மட்டும் சொல்லிவிடுங்கள்: அன்னிக்கு ஒன் கண்ணு மாறல, எழுத்துதான் மாறிச்சு, மாத்துனவன் கலியன்.