மண்ணை முகர்ந்தவன்

நான் போர்வெல் போடும் ரிக் வண்டியில் ஆபரேட்டர். எங்கள் தொழிலில் யாரையும் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. வண்டியில் ஏறிய அன்றே பட்டப்பெயர் விழுந்துவிடும். சத்தீஸ்கரிலிருந்து வந்த ஐந்து பேரில் ஒருவனுக்கு நான் வைத்தது நியாண்டர்தால். மகளின் பாடப்புத்தகத்தில் கையில் தடியோடு முழிக்கும் ஆதிமனிதன். இவனும் அதிகம் பேசமாட்டான். குழியிலிருந்து வெளியேறும் தூசியை அள்ளி முகர்ந்துகொண்டே இருப்பான். மண்டையில் ஒன்றுமில்லை என்று நானே தீர்ப்பு சொல்லிவிட்டேன்.

அடியில் மண் இளகும்போது மேலே நிற்பவனுக்கு ஒன்றும் தெரியாது. குழி சரியாமல் தாங்கத்தான் கேசிங் பைப்பு இறக்குவோம். எருமப்பட்டிப் பக்கம் ஒரு விவசாயக் காட்டில், நாற்பதடியில், அவன் கையை உயர்த்தினான்.

"அண்ணா, மண்ணு சரியில்லை. கேசிங் பைப்பு இன்னும் இறக்கு."

"உனக்கென்னடா தெரியும், நியாண்டர்தாலு?"

எல்லோரும் சிரித்தார்கள். அவனும் சிரித்தான். அந்தச் சிரிப்பு இன்னும் என்னைத் தின்கிறது.

பத்து நிமிடத்தில் குழி உள்ளே சரிந்து துளைபோடும் ராடு சிக்கியது. வீம்புக்கு இழுத்தேன். ராடு திமிறிச் சுழன்றதில், அவன் பிடித்திருந்த ஸ்பேனர் அவன் வலது கையை முறித்தது. கட்டுப் பிரித்த பிறகும் விரல்கள் மடங்கவில்லை.

ஊருக்கு அனுப்பிவிடலாம் என்றேன். மற்ற நால்வரும் ஒப்பவில்லை. அவன் வேலையைப் பங்கு போட்டுக்கொண்டார்கள். ஒருவன் சோறு பிசைந்து ஊட்டினான், ஒருவன் முதுகு தேய்த்துக் குளிப்பாட்டினான்.

அந்த வாரம் மகள் செல்போனில் ஒரு வீடியோ காட்டினாள். நியாண்டர்தால்களை முட்டாள்கள் என்று நினைத்தது தப்பாம். ஒரு குகையில் கிடைத்த எலும்புக்கூட்டில் ஒரு கை சூம்பியிருந்ததாம். அந்தக் கையோடு பல வருடம் வாழ்ந்திருக்கிறான். யாரோ கவனித்துக்கொள்ளாமல் அது நடக்காது.

"அப்புறம் அவங்க ஏம்ப்பா அழிஞ்சு போனாங்க? நாம மட்டும் எப்படி மிச்சம்?"

செல்போனை அவள் கையில் கொடுத்துவிட்டு எழுந்து போனேன்.

இன்று காலை வெண்ணந்தூரில் புதுக் குழி. அவன் இடது கையால் தூசியை அள்ளி முகர்ந்தான். கை உயர்ந்தது. இஞ்சினை நிறுத்தினேன். காட்டுக்காரர் ஓடி வந்தார்.

"ஏனுங்க, நிறுத்திப்போட்டீங்க?"

"மண்ணு சரிஞ்சுருமுங்க."

"ஆருங்க சொன்னது?"

அவனைக் காட்டி வாயைத் திறந்தேன். பட்டப்பெயர்தான் நாக்கு நுனியில் வந்து நின்றது. இரண்டு வருடமாகக் கூடவே இருக்கிறான். அவன் பெயரை நான் கேட்டதே இல்லை.