மிஸஸ் நடராஜன் தீவுக்கு வந்த நாள்

முதல் நாளே ஓர் ஆள் குறைந்தது. அதுவும் தீவில்.

இந்த வேலைக்குப் புதிதாக வந்திருக்கும் பெண்களுக்காக என் அனுபவத்தை எழுதித் தரச் சொன்னார்கள். நான் எட்டாவது வரை படித்தவள். சாந்தோமில் ஒரு பள்ளிக்கூடத்தில் தையல் டீச்சருக்கு உதவியாக இருந்தேன். நாலு பேருக்கு முன்னால் நின்றால் குரல் தொண்டையை விட்டு வராது. அப்படிப்பட்ட என்னை லஸ்ஸில் இருந்த டூர் கம்பெனி கைடாக எடுத்துக்கொண்டதற்கு ஒரே காரணம், நான் பெண் என்பதுதான். ஆண் கைடு கூட்டிப் போவதென்றால் வீட்டுப் பெண்களை யாரும் அனுப்ப மாட்டார்கள். இது நடந்து பத்து வருஷம் ஆகிவிட்டது, அப்போதிருந்த மானேஜரும் இப்போது இல்லை. பெயர்களை மாற்றியிருக்கிறேன்.

1. பட்டியல்

டூர் என்பது இதுதான்: காலை எட்டு மணிக்கு மயிலாப்பூர் கால்வாய்த் துறையில் படகு ஏற வேண்டும். கால்வாய் வழியே தெற்கே போய், ஆற்றில் சேரும் இடத்தில் இடப்பக்கம் திரும்பி, அடையாற்றுப் பாலத்துக்கு அடியில் புகுந்து, முகத்துவாரத்தில் இருக்கும் தீவில் இறங்க வேண்டும். மரங்கள், பறவைகள், கடல் காற்று, சாப்பாடு. மாலைக்குள் திரும்பிவிட வேண்டும். ஒரு தடவைக்கு எட்டுப் பேர்தான்.

முந்தின நாள் மானேஜர் என்னைக் கூப்பிட்டுச் சொன்னார்: "ரெஜினாம்மா, பேசறது பெரிய விஷயமில்ல. நாலு பக்கம் எழுதிக் குடுத்திருக்கேன், பாத்துப் படிச்சுடுங்க. ஆனா ஒண்ணு. நம்மள நம்பி வீட்டுப் பொம்பளைங்கள அனுப்பறாங்க. ஒரே ஒரு வீட்லேர்ந்து கம்ப்ளெயிண்ட் வந்தாலும் லேடீஸ் பார்ட்டி க்ளோஸ். உங்க வேலையும் அதோட சரி."

மறுநாள் துறையில் பட்டியலைப் பிரித்தேன். எட்டு வரிகள். மிஸஸ் கிருஷ்ணசாமி, மிஸஸ் நடராஜன் என்று எட்டும் புருஷன்மார் பெயர்களே. டிக்கெட் வாங்கியவர்கள் அவர்கள்தானே. "உங்க பேர் என்னங்க?" என்று ஒவ்வொருவரையும் கேட்டுப் பட்டியலில் சரிபார்க்கலாம் என்று நினைத்திருந்தேன். கேட்டபோதுதான் புரிந்தது. புருஷன் பெயரைத் தன் வாயால் சொல்கிற பெண் அந்தக் கூட்டத்தில் ஒருத்தியும் இல்லை. எல்லோரும் சிரித்தார்கள், அல்லது வேறு பக்கம் பார்த்தார்கள். நான் மெல்லிய குரலில் பட்டியலைப் படித்தேன். யாரோ ஒருவர் தலையாட்டினால் டிக் போட்டேன். "மிஸஸ் கிருஷ்ணசாமி" என்றபோது இரண்டு பேர் தலையாட்டினார்கள். வெட்கத்தில் மறுபடி கேட்கவில்லை. தலைகளை எண்ணினேன். எட்டு. அது போதும் என்று நினைத்தேன்.

படகுக்காரர் முத்து, கடலோரத்து ஆள். சாந்தோமில் என்னைப் பார்த்திருப்பதால் டீச்சரம்மா என்பார். கழியை ஊன்றிக்கொண்டே சொன்னார்: "டீச்சரம்மா, ரெண்டு மணிக்கு மேல வத்தம். தண்ணி எறங்கிடும். அதுக்குள்ள கெளம்பலன்னா படகு சேத்துல குந்திக்கும். பொழுது சாயற வரைக்கும் அசையாது, சொல்லிட்டேன்."

2. சாப்பாட்டு வேளை

தீவில் இறங்கி, மானேஜர் எழுதிய நாலு பக்கத்தில் முக்கால் பக்கம் படித்தேன். காற்றில் எனக்கே கேட்கவில்லை. கண்ணாடி போட்ட ஒரு மயிலாப்பூர் மாமி, "அதை இப்படிக் குடுங்கோ, நாங்களே வாசிச்சுக்கறோம்" என்று தாளை வாங்கிக்கொண்டு போய்விட்டார். மடிசார் கட்டி, குடையை இடுக்கிக்கொண்டு, படகில் வரும்போது பலகையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டே வந்தவர்.

சாப்பாட்டுக்கு மாமிகள் மூன்று பேர் ஒரு மரத்தடிக்குத் தனியாகப் போனார்கள். மற்ற ஐந்து பேர் இன்னொரு மரத்தடியில் இலை போட்டார்கள். நான் இரண்டுக்கும் நடுவே, எங்கே உட்காருவது என்று தெரியாமல் நின்றேன். அங்கேதான், காலையில் அந்தப் பெயருக்குத் தலையாட்டிய மிஸஸ் நடராஜனைக் கவனித்தேன். பச்சைப் பட்டுப்புடவை. அவர் உட்காரவே இல்லை. எல்லோர் கட்டுச்சாதத்தையும் பிரித்து, ஐந்து இலைகளில் அளவாகப் பரிமாறி, அப்பளத்தை உடையாமல் வைத்து, தண்ணீர் ஊற்றினார். மற்றவர்கள் சாப்பிட்டு முடித்ததும் இலைகளை எடுத்தார். மணலை அள்ளித் தூக்குப் பாத்திரங்களைத் தேய்க்க ஆரம்பித்தார். ஒரு ஆபீசர் மனைவிக்கு இவ்வளவு பணிவா என்று எனக்கு மரியாதையே வந்தது.

கண்ணாடி மாமி தன் மரத்தடியிலிருந்தே கேட்டார். "ஏம்மா, உங்காத்துல சமையல்காரி இல்லையோ?"

"கீறாங்க" என்றவர் உடனே, "இருக்காங்க" என்றார்.

"நன்னா சமைப்பாளோ?"

"சுமாராத்தான்."

"வேலைக்காரா சரியா வாய்க்கறதே கஷ்டம்" என்றார் மாமி. "உங்காத்துக்காரர் எந்த ஆபீஸ்?"

மிஸஸ் நடராஜன் பாத்திரத்தை எடுத்துக்கொண்டு தண்ணீர்ப் பக்கம் போனார். கழுவத்தான் போகிறார் என்று நினைத்தேன்.

3. ஏழு

ஒன்றரை மணிக்கு எண்ணினேன். ஏழு. என்னைச் சேர்த்து எண்ணினேனா, விட்டு எண்ணினேனா என்று குழம்பி மறுபடி எண்ணினேன். என்னைச் சேர்த்தால் எட்டு வந்தது. ஒரு நிமிஷம் நிம்மதியாகக்கூட இருந்தது.

யார் குறைகிறார்கள்? பட்டியலை இந்தத் தடவை உரக்கப் படித்தேன். ஏழு தலைகள் ஆடின. "மிஸஸ் நடராஜன்" என்றதற்கு மட்டும் யாரும் இல்லை.

"எல்லாரும் கூப்பிடுங்க" என்றேன்.

ஒரு மாமி காதைப் பொத்திக்கொண்டார். "எங்க மாமனார் பேரு அது. நான் எப்படிக் கூப்பிடறது?"

"பேரைச் சொல்லாம சும்மா சத்தம் போடேன்டி" என்றார் கண்ணாடி மாமி. ஆளுக்கு ஒன்றாகக் கத்தினார்கள். பச்சைப் புடவை என்றும், அந்தம்மா என்றும், ஓய் என்றும். பறவைகள்தான் எழும்பிப் பறந்தன.

முத்து படகிலிருந்து குரல் கொடுத்தார். "டீச்சரம்மா, தண்ணி வத்திக்கினு கீது. சீக்கிரம்."

நான் மரங்களுக்குள் ஓடினேன். தீவின் தென்பக்கம் போனபோது தண்ணீர் நிஜமாகவே இறங்கியிருந்தது. காலையில் ஆறாக இருந்த இடம் இப்போது கறுப்புச் சேறும் நடுவில் கொஞ்சம் தண்ணீருமாக இருந்தது. அதில் தொடை வரை புதைந்து, பாத்திரத்தைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றார் மிஸஸ் நடராஜன். தென்கரைக்கு நடந்தே போய்விடலாம் என்று இறங்கியிருக்கிறார். ஒவ்வோர் அசைவுக்கும் இன்னும் கொஞ்சம் உள்ளே போனார்.

முத்து பின்னாலேயே ஓடிவந்து, கழியைப் படுக்க வைத்து அதன் மேல் தவழ்ந்து போய்ப் பிடித்து இழுத்தார். நான் கரையில் முழங்கால் சேற்றில் நின்று முத்துவின் காலைப் பிடித்துக்கொண்டேன். "பயப்படாதீங்க, மிஸஸ் நடராஜன்" என்று சொல்லிக்கொண்டே இருந்தேன்.

கரைக்கு வந்ததும் அவர் அழுதார். "அம்மா, நான் அவுங்க இல்லம்மா."

"யார் இல்ல?"

"நீங்க கூப்புடறீங்களே, அவுங்க. நான் அந்த வூட்ல சமையல் பண்றவ. பேரு கன்னியம்மா."

என் மூளை அப்போது வேலை செய்த விதத்தை மறைக்காமல் எழுதுகிறேன். இவர் மிஸஸ் நடராஜன் இல்லை என்றால், மிஸஸ் நடராஜனைக் காணோம் என்றுதான் எனக்குத் தோன்றியது. திரும்பவும் மரங்களுக்குள் ஓடப் போனேன்.

முத்து என் கையைப் பிடித்து நிறுத்தினார். "எங்க போறீங்க? காத்தால ஏறுனது எட்டு பேரு. இப்போ கீறது எட்டு பேரு. பேருக்கு இன்னா பண்றது, விடுங்க."

படகை மூன்று பேருமாகத் தள்ளித்தான் தண்ணீருக்குக் கொண்டுவந்தோம்.

4. துறையில் நின்ற கார்

திரும்பும் வழியில் கன்னியம்மா படகின் பின்பக்கம் உட்கார்ந்து என்னிடம் தாழ்ந்த குரலில் சொன்னார். எஜமானர் பெண்கள் வெளியே வர வேண்டும் என்று பேசுகிறவர். சிநேகிதர்கள் முன்னால் பெருமையாக டிக்கெட் வாங்கிவிட்டார். எஜமானியம்மாளுக்குத் தண்ணீர் என்றால் பயம். மாட்டேன் என்று சொல்லத் தைரியம் இல்லை. தன் புடவையைக் கன்னியம்மாவுக்குக் கட்டிவிட்டு அனுப்பிவிட்டு, தான் சைதாப்பேட்டையில் அம்மா வீட்டுக்குப் போய்விட்டார்.

"தெரிஞ்சா என்ன ஆகும்?" என்றேன்.

"அவுங்க புருசன் பொஞ்சாதி, நாளைக்கு ராசியாயிடுவாங்க. வேல போறது எனக்குத்தாம்மா. வூட்ல சம்பாரிக்கிறது நான் ஒருத்திதான். அந்தக் கண்ணாடிக்காரம்மா கண்டுபுடிச்சிட்டாங்கன்னு பயந்துதான் அப்புடியே நடந்து போயிரலாம்னு பாத்தேன்."

வேலை போவது இவருக்கு மட்டுமல்ல என்பது எனக்குத் தெரிந்தே இருந்தது.

துறை கண்ணுக்குத் தெரிந்தபோது கன்னியம்மா என் கையை இறுக்கினார். கரையில் ஒரு மோட்டார் கார். பக்கத்தில் கோட்டுப் போட்ட ஒருவர் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார். மிஸ்டர் நடராஜன். மனைவியை அழைத்துப் போக வந்திருக்கிறார்.

முத்து தன் துண்டைக் கன்னியம்மாவின் தலையில் போட்டு, ஒரு கொட்டாங்கச்சியைக் கையில் கொடுத்தார். சேற்றில் பச்சைப் புடவை எப்போதோ கறுப்பாகியிருந்தது. கன்னியம்மா கரைக்கு முதுகு காட்டி உட்கார்ந்து, படகுக்குள் இருந்த தண்ணீரை இறைக்க ஆரம்பித்தார்.

ஏழு பேர் இறங்கினார்கள். மிஸ்டர் நடராஜன் ஏழு பேரையும் பார்த்துவிட்டு என்னிடம் வந்தார். "எங்க வீட்ல வந்திருந்தாங்களே, எங்கே?"

நான் வாயைத் திறந்தேன். "எட்டுப் பேர் சார்" என்பது மட்டும் வந்தது.

"எட்டுப் பேர் சரிம்மா. எங்க வீட்ல எங்கே?"

பொய் சொல்ல எனக்கு வராது. நிஜத்தைச் சொல்லவும் வரவில்லை. கண்ணாடி மாமி குடையை விரித்துக்கொண்டு எங்களுக்கு நடுவே வந்து நின்றார். எல்லாம் முடிந்தது என்று நினைத்தேன்.

"உங்காத்துக்காரியா? பச்சைப் புடவைதானே?" என்றார் மாமி. "படகு குலுங்கறது, தலை சுத்தறதுன்னு திரும்பி வரச்சே பாலத்தண்டையே இறங்கிட்டா. ஜட்கா பிடிச்சுண்டு போய்ட்டா. தங்கமான பொண்ணு. எங்களுக்கெல்லாம் அவதான் ஒத்தாசை."

அவர் முகம் மலர்ந்தது. "அப்படியா? வீட்டுக்குத்தானே போயிருக்கா? அப்போ நான் கிளம்பறேன்."

கன்னியம்மாவின் கொட்டாங்கச்சி நின்றுவிட்டது. எஜமானியம்மா இன்னும் சைதாப்பேட்டையில் இருந்தார்.

"கொஞ்சம் இருங்கோ" என்றார் மாமி. "எங்காத்து வண்டி இன்னும் வரலை. நாங்க மூணு பேரும் வெயில்ல நிக்கறோம். போற வழியில எங்களை விட்டுடுவேளா? இவளுக்கு அபிராமபுரம். எனக்குக் கோபாலபுரம் வரைக்கும் போணும், என் தங்கை ஆத்துக்கு."

பெண்களுக்காகப் பேசுகிறவர் எப்படி மாட்டேன் என்பார்? கார்க் கதவைத் திறந்துவிட்டார்.

ஏறும் முன் மாமி என் காதருகில் வந்தார். "படகில பேசினதெல்லாம் காதுல விழுந்தது. முக்கால் மணி நேரம் கிடைக்கும். வெளியில வேப்பமரத்தடியில நிக்கறது எங்காத்து வண்டிதான். அவளைச் சைதாப்பேட்டைக்கு ஏத்தி அனுப்பு, எஜமானியை ஆத்துல கொண்டு விடட்டும். நின்னுண்டே இருக்காதே."

ஓடினோம்.

5. பிறகு

மறுநாள் மானேஜர் கூப்பிட்டார். புகார் என்று நினைத்துத்தான் போனேன். "மிஸ்டர் நடராஜன் வந்துட்டுப் போனாரு. அந்தம்மாவுக்கு டூர் ரொம்பப் பிடிச்சுதாம். முக்கியமா உங்க பேச்சு." நான் முக்கால் பக்கம் படித்ததை நினைத்துக்கொண்டேன். "சரிங்க சார்" என்றேன்.

அந்த வாரம் சர்ச்சில் பாதிரியாரிடம் செய்யும் பாவசங்கீர்த்தனத்தில் இதைச் சொல்வதா என்று ரொம்பக் குழம்பினேன். பொய் சொன்னது நான் இல்லை. சும்மா நின்றேன். சும்மா நின்றதற்கு என்ன பெயர் என்று தெரியாததால் சொல்லாமலே வந்துவிட்டேன்.

சில வாரங்கள் கழித்து மயிலாப்பூர் கடைத்தெருவில் கண்ணாடி மாமியைப் பார்த்தேன். தைரியத்தை வரவழைத்துக்கொண்டு கேட்டேன். "மாமி, அன்னிக்கு ஏன் அப்படிச் சொன்னீங்க?"

மாமி வெண்டைக்காயை ஒடித்துப் பார்த்துக்கொண்டே சொன்னார். "எனக்கும் தண்ணின்னா உயிரே போய்டும். எங்காத்துக்காரரும் டிக்கெட்டை வாங்கிண்டுதான் வந்து நின்னார். ஆறு கஜம் கட்டறவளுக்கு ஆள் அனுப்ப முடியறது. நான் ஒன்பது கஜம். எவளுக்குக் கட்டி அனுப்பறது?"

புதிதாக வந்திருப்பவர்களே, நான் கற்றுக்கொண்டது இதுதான். டிக்கெட் வாங்கியவரும் படகில் ஏறுபவரும் ஒருவர் இல்லை. வாங்கியவருக்குத் தீவு பிடிக்கும் என்பது நிச்சயம். ஏறுபவரை யாராவது கேட்க வேண்டும். அடுத்த டூரில், பட்டியலைப் பிரிக்கும் முன்பே கேட்டேன்.

"தண்ணியக் கண்டா யாருக்கெல்லாம் பயம்? கை தூக்குங்க. அவங்க நடுப்பலகையில உக்காரலாம். வேணாம்னா இங்கேயே எறங்கிக்கலாம், நான் யார்கிட்டயும் சொல்ல மாட்டேன்."

ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். ஒரு கையும் எழவில்லை. முத்து கழியோடு காத்துக்கொண்டிருந்தார். அப்புறம் நானே முதலில் கையைத் தூக்கினேன். உடனே ஐந்து கைகள் எழுந்தன.