ஒரே மாப்பிள்ளை, பன்னிரண்டு தாலி

இந்த நினைவு மலரைக் கையில் வாங்கியிருக்கும் உறவினர்களிடம் முதலில் ஒன்றை ஒப்புக்கொண்டுவிடுகிறேன். நான் கடிதத்தை முழுதாகப் படிக்கிறவன் அல்லன். முதல் நாலு வரியில் நல்ல சேதி இருந்தால் மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு ஊரெல்லாம் சொல்லக் கிளம்பிவிடுவேன். அக்கா பட்ட பாட்டில் பாதி இந்தப் பழக்கத்தால் வந்தது. மீதியை அவரே இழுத்துவிட்டுக்கொண்டார்.

அக்கா பிறந்தது ஒதியம்பட்டில். அப்பா கூலிக்கு ஏர் ஓட்டினார். அறுபதுகளில் நடவு வயலில் அம்மாவுக்குப் பக்கத்தில் நின்று பாடிப் பாடியே அக்காவுக்குத் தொண்டை பழகியது. பாட்டு வாத்தியார் யாரும் கிடையாது. எட்டாவதோடு படிப்பை நிறுத்தியபோது அவர் அழவில்லை. நாடகக் குழுவுக்குப் போகக் கூடாது என்று அப்பா சொன்னபோதுதான் இரண்டு நாள் சோறு தொடவில்லை. மூன்றாம் நாள் அப்பாவே கொண்டுபோய்ச் சேர்த்தார். கரிக்கலாம்பாக்கத்து மாமாவுக்குக் கழுத்தை நீட்டியதும், பாட விடுவதாக அவர் வாக்குக் கொடுத்த பிறகுதான். மாமா மில் தொழிலாளி, அதிகம் பேசாதவர். அவருடைய அம்மாவான அத்தை, சிறு வயதிலேயே கணவரை இழந்து அந்த ஒற்றை மகனை ஆளாக்கியவர்.

எண்பதுகளின் தொடக்கத்தில் சென்னைத் தொலைக்காட்சி நாடகமொன்றில் பாடி நடிக்க அக்கா தேர்வானார். ஒளிபரப்பாகும் நாளைக் குறித்து எனக்குக் கடிதம் எழுதினார். நான் நாலு வரி படித்தேன். கொம்யூன் பஞ்சாயத்துக் கட்டடத்தில் இருந்த பெட்டியின் முன்னால் சொந்தபந்தம் அத்தனையையும் கூட்டினேன். அத்தைக்கு முன்வரிசையில் நாற்காலி.

திரையில் அக்கா வந்தார். வெள்ளைப் புடவை, வெறும் நெற்றி, மூளிக் கழுத்து. கணவனைப் பறிகொடுத்தவளாகப் பாடி அழுதார். அருமையாகத்தான் பாடினார். அத்தை, பக்கத்தில் வேர்க்கடலை தின்றுகொண்டிருந்த மாமாவின் கையைத் தொட்டுப் பார்த்துவிட்டு எழுந்து போய்விட்டார். வேஷம் இன்னதென்று தானே வந்து பக்குவமாகச் சொல்வதாகவும், அதுவரை அத்தையை அழைத்துப்போக வேண்டாமென்றும் கடிதத்தின் ஏழாவது வரியில் இருந்தது.

அக்கா ஊர் திரும்பிய அன்று அத்தை வாசலை மறித்தார்.

“எம்புள்ள குத்துக்கல்லாட்டம் ஒக்காந்துனு இருக்கான். நீ தாலிய அவுத்து ஊருக்கே காட்டிட்டு வர. இனிமே பொட்டியில மூஞ்ச காட்டுனா இந்த வூட்டுப் படி ஏறாத.”

இரண்டு மாதம் அக்கா எங்கும் போகவில்லை. அடுத்த நாடகத்துக்கு அழைப்பு வந்தது; பதில் போடவில்லை. அடுப்படியில்கூட அவர் குரல் கேட்கவில்லை. வீடு இழவு வீடுபோல் இருந்ததைப் பொறுக்க மாட்டாமல் மாமாதான் ஒரு வழி சொன்னார். அக்கா அப்படி நடித்துவிட்டு வரும் ஒவ்வொரு முறையும் நேரே வில்லியனூர் கோயிலுக்குப் போய்ப் புதுக் கயிறு கட்டி அழைத்து வருவதாக. அத்தை யோசித்துச் சம்மதித்தார், மகன் பெயரில் அர்ச்சனையும் செய்ய வேண்டும் என்று.

ஒரு முறையோடு தீர்ந்தது என்று நான் நினைத்தேன். அந்த அழுகையைப் பார்த்த தயாரிப்பாளர்கள் அக்காவுக்கு வேறு வேஷமே கொடுக்கவில்லை. பதினோரு நாடகம், பதினோரு வெள்ளைப் புடவை. மஞ்சள் கயிறும் தேங்காயும் வாங்குவது, மாமாவுக்கு மில்லில் ஷிப்ட் மாற்றுவது, பஸ்ஸுக்கு நிற்பது எல்லாம் பெண் வீட்டாரான என் வேலை. குருக்கள் என்னைக் கண்டாலே, பொண்ணு மாப்பிள்ளை அதே ஆட்கள்தானா என்று கேட்பார். பாகூர் சந்தையில் முன்பின் தெரியாத பெண்கள் அக்காவைக் கட்டிக்கொண்டு ஆறுதல் சொல்லுவார்கள். பக்கத்தில் நிற்கும் மாமாவை, யார் இந்த ஆள் என்று முறைப்பார்கள்.

என் பொறுமை போய், சிரிக்கிற வேஷமாக ஒன்று கேட்கக் கூடாதா என்று ஒரு நாள் அக்காவிடம் கத்தினேன்.

“சிரிக்கிறதுக்கு நூறு பேரு வருவாங்கடா. அழுதுனே சுருதி வுடாம பாட நான்தான் இருக்கேன்” என்றார்.

உடம்பு விஷயத்திலும் இதே பிடிவாதம். மாடிப்படி ஏறினால் மூச்சு வாங்கியதை ஒரு வருடம் எங்களிடம் மறைத்தார். தெரிந்தால் சென்னைக்கு அனுப்ப மாட்டோமாம். மயங்கி விழுந்த பிறகுதான் இருதயக் கோளாறு என்று தெரிந்தது. ஆஸ்பத்திரியில் மூன்று வாரம். மூச்சுவிடவே முடியாதவர், செவிலியர் கேட்டார்கள் என்று அழுகைப் பாட்டில் இரண்டு வரி பாடியிருக்கிறார். அந்தக் கோபம் எனக்கு இன்னும் தீரவில்லை. நாற்பத்திரண்டு வயதில், பூவும் பொட்டுமாகப் போய்விட்டார்.

இந்த ஓராண்டில் எங்களைத் தாங்கியவர்கள் பலர். இராப்பகலாகப் பார்த்துக்கொண்ட செவிலியர், கேட்ட போதெல்லாம் ஷிப்ட் மாற்றிக்கொடுத்த மில் தோழர்கள், சென்னையிலிருந்து வந்து கூடத்தில் நின்று பாடிய நாடகக் குழுவினர், பந்தலுக்கு ஓலை தந்த ஒதியம்பட்டுக்காரர்கள் அனைவருக்கும் நன்றி.

அத்தைக்கும் நன்றி சொல்ல வேண்டுமென்று போனவாரம் கரிக்கலாம்பாக்கம் போனேன். போன இடத்தில் என் வாய் சும்மா இருக்கவில்லை. பதினோரு தடவையும் மகனுக்கு வேண்டிக்கொண்டாயே அத்தை, ஒரு தடவையாவது அக்காவுக்கு வேண்டிக்கொண்டாயா என்று கேட்டுவிட்டேன். முறத்தில் அரிசி பார்த்துக்கொண்டிருந்தவர் நிமிரவில்லை.

“அவளுக்கு இன்னா ஆவப்போவுதுன்னு இருந்துட்டேன்டா.”