காட்டிக்கொடுக்காத ஊர்

எங்கள் தீவுப் பக்கத்தில் யாராவது இறந்தால் முப்பத்தோராம் நாளுக்குக் கல்வெட்டு அடிப்பார்கள். அந்தச் சிறு புத்தகத்துக்குப் பாட்டும் புகழ்ச்சியும் எழுதிக் கொடுக்கிறவன் நான். ஊரைச் சுருட்டி வாயில் போட்டவரும் என் கையில் வந்தால் கொடைவள்ளலாகத்தான் போய்ச் சேருவார். அதில் எனக்குப் பெருமை வேறு.

ஆகவே ஊரில் கள்ளக்கடத்தல் காட்சிக்கூடம் ஒன்று திறக்கிறோம் என்று இளசுகள் கிளம்பியபோது, சுவர்ப் பலகைகளை எழுத என்னைத்தான் கேட்டார்கள். இன்னொரு காரணமும் உண்டு. காட்சிக்கூடம் வந்தது என் அப்பா சாமான் அடுக்கி வைத்த பழைய கிட்டங்கியில். பல வள்ளங்களுக்குச் சொந்தக்காரரான அப்பாவைச் சம்மாட்டியார் என்பார்கள். வள்ளம் ஓட்டுகிறவர்கள், கரையில் காவல் பார்க்கிறவர்கள், சாமான் புதைக்கிறவர்கள், பட்டணத்தில் விற்கிறவர்கள் என்று அக்கரைக்கும் இக்கரைக்கும் இடையே நடந்த அந்தத் தொழில் முழுவதும் அவருடைய சொல்லில் ஓடியது. சேலையும் பீடியிலையும் வந்தன. சவர்க்காரமும் தேங்காய் எண்ணெயும் போயின. தேவாலயத் திருநாளில் புனிதரின் சுருவம் தூக்க முதல் தோள் கொடுப்பவரும் அவர்தான்.

கல்வெட்டு எழுதிப் பழகிய கை சும்மா இருக்குமா? வள்ளத்துக்குச் சைகை காட்ட ஒரு பக்கம் தகரம் வைத்து மறைத்த அரிக்கன் லாம்புக்கே நாலு வரி பாடினேன். அப்பாவின் படத்துக்குக் கீழே, ‘இந்த ஊரில் காட்டிக்கொடுத்தவர் ஒருவரும் இல்லை’ என்று பெரிய எழுத்தில் எழுதினேன். திறப்பு விழாவன்று வந்தவர்கள் அதை வாய்விட்டு வாசித்துக் கைதட்டினார்கள். எனக்குப் பொன்னாடையும் போர்த்தினார்கள்.

கூட்டம் கலைந்த பிறகும் ஒரு பெண் அந்தப் பலகைக்கு முன்னால் நின்றாள். எங்கள் ஒழுங்கையின் கடைசி வீட்டுக்காரி. என்னிலும் சில வயது இளையவள். எழுதும்போது அவளுடைய தகப்பனை நான் நினைக்கவே இல்லை.

அந்தக் காலத்தில் அப்பாவின் வள்ளம் ஒன்று சாமானோடு பிடிபட்டது. சுங்கக்காரருக்கு யார் சொன்னது என்று இன்றுவரை தெரியாது. அப்பா அந்த மனிதரைக் கைகாட்டினார். ஊர் அந்த வீட்டைத் தள்ளி வைத்தது. ஒருவரும் அவர்களுடைய படலையைத் திறக்கவில்லை, நல்லது கெட்டதுக்குக் கூப்பிடவில்லை. அவர் செத்தபோது துக்க மணி அடிக்கக்கூட ஆள் போகவில்லை. பெட்டியை அவருடைய மகனும் மண்டைதீவிலிருந்து வந்த உறவினர்களுமே தூக்கினார்கள். நாங்கள் வேலிக்குள் நின்று பார்த்துக்கொண்டிருந்தோம்.

“இதை நீங்கள்தானே அண்ணை எழுதினது?” என்று கேட்டாள்.

“ஓம்.”

“அப்ப என்ர ஐயா காட்டிக்குடுக்கேல்லை. அப்பிடித்தானே?”

நான் தோளில் கிடந்த பொன்னாடையை எடுத்து மடித்தேன்.

“பிழையெண்டால் பிழையெண்டு சொல்லுங்கோ. சரியெண்டால் ஐயாவுக்கு ஊர்ப் பூசை ஒண்டு வைக்கச் சொல்லுங்கோ. மணி அடிச்சு, எல்லாரும் வந்து. எனக்கு வேற ஒண்டும் வேண்டாம்.”

சொல்லிப் பார்க்கிறேன் என்று முணுமுணுத்தேன். அன்று பின்னேரமே காட்சிக்கூடச் சபை கூடியது; அவள் கேட்டதைச் சொன்னேன். அந்த வரி உண்மை என்றால், குற்றமில்லாத ஒருவரைச் சாகும்வரை ஒதுக்கி வைத்தோம் என்று ஆகும். பொய் என்றால் ஊரின் பெருமை போகும்.

“ரெண்டும் ஏலாது. பேசாமல் பலகையைக் கழட்டுவம்,” என்றார் சபைத் தலைவர்.

பூசை வைப்போம் என்று நான் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொன்னால் அப்பா பழிகாரர் ஆகிவிடுவார். ஊரில் எல்லாருக்கும் வாய் கிழியப் புகழ் பாடுகிற எனக்கு, அந்த ஒரு வார்த்தை வரவில்லை. ஏணியில் ஏறிப் பலகையைக் கழற்றியவனும் நானே.

அடுத்த ஞாயிறு பூசை முடிந்ததும் அவள் தன் அண்ணனைக் காட்சிக்கூடத்துக்குக் கூட்டிக்கொண்டு வந்தாள். தகப்பனின் பெட்டியைத் தூக்கியவர். அதன் பிறகு மண்டைதீவில் குடியேறி, எங்கள் ஊர்ப் பக்கமே வராதவர். வெள்ளைச் சட்டை போட்டுச் சவரம் செய்து வந்திருந்தார். வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்தார். அவள் அவரை நேரே அப்பாவின் படத்துக்கு முன்னால் கொண்டுபோய் நிறுத்தினாள். படத்துக்குக் கீழே வெறும் சுவர்.

“பலகை பழுதாய்ப் போச்சு,” என்றேன். அவர் முகத்தைப் பார்க்க என்னால் முடியவில்லை.

அவர் வெளியே போய்ச் செருப்பை மாட்டிக்கொண்டார். அவள் மட்டும் என்னிடம் திரும்பி வந்தாள். கோபப்பட்டிருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும்.

“ஐயாவைப் பற்றி இந்த ஊர் சொன்ன நல்ல சொல் அது ஒண்டுதான்,” என்றாள். “அதையும் நீங்கள் தெரியாமல்தான் எழுதினீங்கள், என்ன?”