ரொட்டிக்கடை வரிசை

சர்க்கார் பதிவேட்டின்படி பதூல் பதினோரு வயதில் செத்துப்போனாள். தொண்டை அடைப்பான் நோய். அந்தப் பதூல்தான் இப்போது ஐம்பத்தேழு வயதில், தெஹ்ரானின் தென்கோடியில் ஓர் அடுக்குமாடியின் கீழ்த்தளத்தில் உட்கார்ந்து, யார் வீட்டு ஜன்னலுக்கோ திரைச்சீலை தைத்துக்கொண்டிருக்கிறாள். அக்கம்பக்கத்தில் அவள் பெயர் மெஹ்ரி. மெஹ்ரி அவளுடைய தங்கை. உண்மையில் செத்தது அந்தக் குழந்தைதான்.

தலை சுற்றுகிறதா? எல்லாம் அவளைப் பெற்ற மகராசி எஸ்ஸத் செய்த வேலை.

அப்பா செப்புப் பாத்திரங்களுக்கு ஈயம் பூசுகிறவர். இருமி இருமியே போய்ச் சேர்ந்தார். எஸ்ஸத் பெரிய வீடுகளில் துணி துவைத்து இரண்டு பெண்களையும் வளர்த்தாள். அதில் ஒரு வீடு சினிமா எடுக்கிற முதலாளியுடையது. ஒருநாள் கொடியில் துணி உலர்த்திக்கொண்டிருந்த பதூலை அவர் பார்த்தார். பெரிய கண், சின்ன முகம், அரை வயிறு சாப்பிட்டு வளர்ந்த குச்சி உடம்பு.

"இந்தப் புள்ளைக்கு எத்தனை வயசு?" என்றார். அவர் தேடிக்கொண்டிருந்தது எட்டு வயதுப் பெண்ணை. எஸ்ஸத்துக்கு அது எப்படியோ மூக்கில் வியர்த்துவிட்டது.

"எட்டு, ஐயா. போன மாசம்தான் எட்டு முடிஞ்சுது" என்றாள் கண் சிமிட்டாமல். மூன்று வருஷத்தை வாய்க்குள் போட்டு விழுங்கிவிட்டாள்.

பெயரையும் மாற்றினார்கள். ஷாபரக் என்று வைத்தார்கள், வண்ணத்துப்பூச்சி என்று அர்த்தம். கடைத்தெருவில் அம்மாவைத் தொலைத்துவிட்டு ஊரெல்லாம் அலைகிற ஒரு சிறுமியின் கதை. முதல் வாரமே பத்திரிகைகளில் "எட்டு வயது அதிசயம்" என்று போட்டுவிட்டார்கள்.

ஒருநாள் ரொட்டிக்கடைக் காட்சி. சூடான கூழாங்கல் மேல் சங்கக் ரொட்டி சுடுவார்களே, அந்தக் கடை. கூட்டத்துக்கு ஆள் போதவில்லை. வேடிக்கை பார்க்க வந்திருந்த மெஹ்ரியையும் வரிசையில் நிறுத்தினார்கள், பதூலுக்கு நேர் முன்னால். அது சும்மா நிற்கிற குழந்தையா? ரொட்டியில் ஒட்டியிருந்த கல்லைப் பிடுங்கி, சுட்டதும் விரலை உதறி, திரும்பி அக்காவைப் பார்த்துச் சிரித்தது. முன்பல் ஒன்று விழுந்த பொக்கைச் சிரிப்பு. யாரும் சொல்லித்தரவில்லை. டைரக்டர், "நல்லாத்தான் இருக்கு, கிடக்கட்டும்" என்று விட்டுவிட்டார். ஒரு மூச்சு இழுத்து விடுகிற நேரம்தான் அந்தக் காட்சி. மெஹ்ரியைப் போட்டோ எடுக்க அந்த வீட்டில் யாருக்கும் தோன்றியதில்லை. அவள் முகம் இந்த உலகத்தில் பதிந்தது அந்த ஒரே இடத்தில்.

பத்து நாள் கழித்து மெஹ்ரிக்குக் காய்ச்சல் வந்தது. ஒட்டிக்கொண்டால் படம் நின்றுபோகும் என்று பதூலை ஸ்டூடியோ காவல்காரர் வீட்டில் கொண்டுபோய் வைத்தார்கள். தினமும் அம்மா வருவாள். தினமும் பதூல் கேட்பாள்: "மெஹ்ரி எப்படிம்மா இருக்கா?"

"தூங்குறா" என்பாள் எஸ்ஸத்.

வியாழக்கிழமை, அழுகிற காட்சி. அம்மா இனி வரமாட்டாள் என்று சிறுமிக்குப் புரிகிற இடம். வெங்காயம் தேய்த்தார்கள், கிள்ளினார்கள், டைரக்டர் காலில் விழாத குறையாகக் கெஞ்சினார். பதூலுக்குச் சிரிப்புதான் வந்தது. பொழுது போய்க்கொண்டிருந்தது, வெளிச்சம் இறங்கிக்கொண்டிருந்தது. எஸ்ஸத் முன்னால் வந்தாள்.

"கேமராவச் சுத்தச் சொல்லுங்க ஐயா. அழ வைக்கிறது என் பாடு."

அந்தக் காலத்தில் எங்கள் படங்களுக்குச் சத்தம் எல்லாம் பிறகு சேர்ப்பதுதான். கேமராவுக்குப் பக்கத்தில் நின்று என்ன பேசினாலும் படத்தில் ஏறாது. கேமரா சுற்றியது. எஸ்ஸத் சொன்னாள்:

"பதூல், மெஹ்ரி போயிட்டாடி. செவ்வாக்கிழமையே பொதைச்சாச்சு."

குழந்தை கொஞ்ச நேரம் அம்மாவையே பார்த்தது. விளையாட்டு இல்லை என்று தெரிந்த பிறகு வாயைத் திறந்து "மெஹ்ரி! மெஹ்ரி!" என்று அலறியது. அப்புறம் தரையில் உட்கார்ந்துவிட்டது. ஒரே தடவைதான் எடுத்தார்கள், இன்னொரு தடவை தேவைப்படவில்லை. டைரக்டர் கண்ணைத் துடைத்துக்கொண்டு எஸ்ஸத்தின் கையை முத்தமிட்டார். பிறகு குரல் சேர்க்கும்போது வேறு ஒரு பெண்ணை வைத்து, அந்த உதட்டு அசைவின் மேல் "மாமான்! மாமான்!" என்று அம்மாவைக் கூப்பிட வைத்தார்கள். கச்சிதமாகப் பொருந்திவிட்டதாம். பெற்ற வயிறு செய்கிற வேலையா இது? வேண்டாம், செத்தவளைத் திட்டி என்ன ஆகப்போகிறது.

அதோடு விட்டாளா? பத்திரிகைக்காரர்கள் வயசுக்கு அத்தாட்சி கேட்டுக்கொண்டிருந்தார்கள். எஸ்ஸத் பதிவு அலுவலகத்துக்குப் போய், செத்த குழந்தையின் அடையாள அட்டையைக் கொடுத்து ரத்து செய்வதற்குப் பதில் உயிரோடு இருந்தவளுடையதைக் கொடுத்துவிட்டு வந்தாள். மெஹ்ரியின் எட்டு வயது அட்டை பதூலுக்கு என்று ஆயிற்று. எங்கள் ஊரில் செத்த பிள்ளையின் அட்டையை அடுத்துப் பிறக்கிற பிள்ளைக்கு வைத்துக்கொள்வது வழக்கம்தான், யாரும் பெரிதாக நினைக்க மாட்டார்கள். ஆனால் உயிரோடிருக்கிற பெண்ணைச் செத்தவள் கணக்கில் எழுதுவதை நான் இங்கேதான் கேள்விப்பட்டேன். கல்லறையிலும் பதூல் என்றே வெட்டினார்கள். பிற்பாடு அந்த இடுகாட்டை மூடி, மண் கொட்டி, பூங்கா ஆக்கிவிட்டார்கள். இப்போது அங்கே ஊஞ்சல் ஆடுகிறது.

படம் ஓகோவென்று ஓடியது. பதூல் தினமும் மதியக் காட்சிக்குப் போவாள். வாசலில் சீட்டுக் கிழிக்கிறவர், "நம்ம ஷாபரக்கா? போம்மா போ" என்று சும்மாவே உள்ளே விடுவார். ரொட்டிக்கடை வரும். ஜனங்கள் அந்த நேரத்தில் தர்பூசணி விதை கொறித்துக்கொண்டு பக்கத்துச் சீட்டோடு பேசிக்கொண்டிருப்பார்கள். மெஹ்ரி திரும்புவாள், சிரிப்பாள், போய்விடுவாள். பதூலும் எழுந்து போய்விடுவாள். அழுகைக் காட்சிக்கு அவள் ஒருநாளும் உட்கார்ந்ததில்லை.

அதற்குப் பிறகு அவள் வாழ்ந்ததெல்லாம் அந்த அழுகையின் நிழலில்தான். பதினான்கு வயதில் மார்பில் துணியை இறுக்கிக் கட்டி பதினொன்று என்றார்கள். பதினேழில் பதினான்கு என்றார்கள். ஒவ்வொரு டைரக்டரும் ஒரே பல்லவிதான் பாடினார்: "அன்னிக்கு அழுதியே, அந்த அழுகை வேணும்." அவளுக்கு வரவில்லை. கண்ணில் கிளிசரின் ஊற்றினார்கள், அது கன்னத்தில் வழிந்து மேக்கப்பைக் கெடுத்தது, அவ்வளவுதான். ஒருமுறை தாங்க முடியாமல் அம்மாவைக் கேட்டாள்:

"அன்னிக்கு ஏம்மா கேமரா முன்னாடி வச்சுச் சொன்னே? வீட்டுல வச்சு சொல்லியிருக்கக் கூடாதா?"

"எப்படியும் அழத்தானே போறே? அது வீணாப் போக வேணாம்னுதான்" என்றாள் எஸ்ஸத், பட்டாணி உரித்துக்கொண்டே.

இருபது வயதுக்கு மேல் கதாநாயகன் கத்தியைத் துடைக்கும்போது பின்னால் ஆடுகிற பெண், இடைவேளைக்கு முன் சாகிற பெண், இப்படிப் பதினாலு படம். முகம் நினைவிருக்கிறவர்கள் தெருவில் நிறுத்தி, "அந்தக் குட்டிப் பொண்ணா நீ? ஐயோ, எப்படி ஆயிட்டே!" என்பார்கள். அவளுக்கு முப்பத்திரண்டு நடக்கும்போது புரட்சி வந்தது. இனி நடிப்பதில்லை என்று எழுதி வாங்கிக்கொண்டு அனுப்பினார்கள். அவள் அதற்குக்கூட அழவில்லை. ஆனால் பழைய படங்களைப் பெட்டியில் போட்டுப் பூட்டிவிட்டார்கள் என்று கேட்டதும் மூன்று நாள் சாப்பிடாமல் கிடந்தாள்.

வருஷங்கள் போகப் போக முகம் கழன்றது. மெஹ்ரியின் கண் மறந்தது, நெற்றி மறந்தது. கடைசியில் அந்தப் பொக்கை மட்டும் நினைவில் நின்றது. பிறகு அதிலும் சந்தேகம் வந்துவிட்டது. விழுந்த பல் இடது பக்கமா, வலது பக்கமா? தையல் மிஷினை நிறுத்திவிட்டுக் கண்ணை மூடி யோசிப்பாள். பிடிபடாது.

எஸ்ஸத் ஐந்து வருஷம் முன்னால் போனாள். சாகும்வரை மகளை மெஹ்ரி என்றே கூப்பிட்டாள். அவளை அடக்கம் செய்துவிட்டு வந்த வாரம் பதூல் ஒரு மனு எழுதினாள். "என் பெயர் பதூல். நான் சாகவில்லை. செத்தது என் தங்கை. எங்கள் இருவருக்கும் அவரவர் பெயரைக் கொடுங்கள்." எழுதினாளே தவிர கொடுக்கத் தைரியம் வரவில்லை. மிஷின் இழுப்பறையில், நூல்கண்டுகளுக்கு அடியில் கிடந்தது.

இந்த மார்ச்சில், பாரசீகப் புத்தாண்டுக்கு இரண்டு வாரம் இருக்கும்போது, தொலைக்காட்சியிலிருந்து ஓர் இளைஞன் வந்தான். தவக்கோலி என்று பெயர். மரியாதையான பையன், பெண்பிள்ளை முகத்தைப் பார்க்கக் கூடாது என்று கம்பளத்தையே பார்த்துப் பேசினான்.

"ஹாஜி அம்மா, விடுமுறைக்குப் பழைய குழந்தைகள் படம் ஒண்ணு போடலாம்னு இருக்கோம். உங்க படம்தான்."

ஹாஜி அம்மாவாம்! மெக்கா இருக்கும் திசையில் தொழுகைக்குத் திரும்பியதைத் தவிர அவள் எங்கே போனாள்? ஆனால் அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்தாள்.

"எந்தப் படம், தம்பி?"

"முதல் படம். ஒரே ஒரு சிக்கல். ஒம்பது நெறஞ்ச பொண்ணுக்கு முடி தெரியக் கூடாது. அட்டைப்படி உங்களுக்கு அப்ப எட்டு. இருந்தாலும் ஆண்டவன் மேல ஆணையா, எட்டுதான்னு நீங்க எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தரணும். போட்டா படம் வெளிய வரும். இல்லேன்னா திரும்பப் பெட்டிக்குள்ளதான்."

பதூல் கேட்டாள்: "அதுல ரொட்டிக்கடை வரிசை ஒண்ணு வரும். அது இருக்குமா?"

"ரொட்டிதானே அம்மா! ரொட்டில என்ன பாவம் இருக்கப் போவுது?" என்று சிரித்தான் தவக்கோலி.

ஆணையிட்டு எழுதினால் மனு செல்லாது. தன் கையாலேயே தன்னை இரண்டாம் முறை புதைத்த மாதிரி. இனி எந்த அதிகாரியிடம் போய், நான்தான் பதூல் என்பது? ஆனால் மெஹ்ரி அல்லவா வருகிறாள்! ஒரு மூச்சு நேரம் என்றாலும் வருகிறாளே. பெயர் கிடக்கிறது பெயர். அவள் பேனாவை வாங்கி, எட்டு என்று எழுதி, மெஹ்ரி என்று கையெழுத்துப் போட்டாள். பையன் போன பிறகு இழுப்பறையைத் திறந்து மனுவை நான்காகக் கிழித்தாள்.

புத்தாண்டு மூன்றாம் நாள், மதியம். வாழ்நாளில் முதல் முறையாக மாடிவீட்டு அக்தஸைக் கூப்பிட்டு விஷயத்தைச் சொன்னாள். அக்தஸுக்குப் பிளந்த வாய் மூடவில்லை.

"நீயா? சினிமாவுலயா? போடி! இருபது வருஷமா எனக்குத் திரைச்சீலை தச்சுக் குடுக்கிறே, ஒரு வார்த்தை சொன்னியா? இதுல ஆடுவியா, பாடுவியா, என்னடி பண்ணுவே?"

"அழுவேன்" என்றாள் பதூல்.

புத்தாண்டு வழக்கப்படி மேசையில் முளைப்பயிரும் ஆப்பிளும் பூண்டும் கண்ணாடிக் கிண்ணத்தில் தங்க மீனும் வைத்திருந்தாள். பிஸ்தா தட்டு நிறைய. புதுக் கண்ணாடி போட்டிருந்தாள், இதற்கென்றே மாற்றியது. நாற்காலியை இழுத்து டிவிக்கு ஒரு முழம் தள்ளிப் போட்டுக்கொண்டாள்.

"கண்ணு போயிரும்டி, பின்னால வா" என்றாள் அக்தஸ்.

"போனாப் போவுது."

படம் தொடங்கியது. கடைத்தெரு வந்தது, கழுதை வண்டி வந்தது. அம்மாவாக நடித்த நடிகையைக் காணவே காணோம், அவள் வருகிற இடமெல்லாம் கத்தரித்திருந்தார்கள். குழந்தை யாரோ ஆளில்லாத பக்கம் பார்த்துப் பேசிக்கொண்டிருந்தது. பதூல் விரலால் எண்ணிக்கொண்டிருந்தாள். மசூதி வாசல், தண்ணீர்த் தொட்டி, நாய், அடுத்தது ரொட்டிக்கடை. ரொட்டிக்கடைப் பலகை தெரிந்தது. அடுப்பின் புகை தெரிந்தது. அவள் எழுந்து நின்றுவிட்டாள்.

திரை ஒரு துள்ளு துள்ளியது. குழந்தை கையில் ரொட்டியோடு வேறு தெருவில் நடந்துகொண்டிருந்தது.

வரிசையில் இரண்டு பெண்கள் பாவாடையும் வெறுந்தலையுமாக நின்றது பதூலுக்கு அப்போதுதான் நினைவு வந்தது. பாழாய்ப்போனவர்கள், நாற்பத்தாறு வருஷம் முன்னால் மெஹ்ரிக்கு அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் நின்றிருந்தார்கள்.

அவள் நின்றபடியே இருந்தாள். உட்கார வேண்டும் என்று தோன்றவில்லை, எழுந்து போக இந்த முறை தியேட்டர் கதவும் இல்லை. அழுகைக் காட்சி வந்தது. அதில் ஒரு துண்டுகூட வெட்டவில்லை. பதினோரு வயதுக் குழந்தை கேமராவுக்குப் பக்கத்தில் நிற்கிற யாரையோ பார்த்தது. பார்த்துக்கொண்டே இருந்தது. பிறகு உதடு மெஹ்ரி, மெஹ்ரி என்று அலற, யாரோ ஒரு பெண்ணின் குரல் மாமான், மாமான் என்றது.

அக்தஸ் முக்காட்டு நுனியால் மூக்கைச் சிந்தினாள். "அடி ஆத்தாடி, என்னமா அழுவுது! கல்லும் கரைஞ்சிரும். இத்தனூண்டு புள்ளைக்கு இப்படி அழ யாருடி சொல்லிக் குடுத்தா? அம்மா தொலைஞ்சதுக்காடி இந்த அழுகை?"

"இல்ல" என்றாள் பதூல். "தங்கச்சி செத்துப்போனதுக்கு."

"தங்கச்சியா? நல்லாப் பாத்தியாடி? படத்துல தங்கச்சியே கிடையாதே!"

"இருந்தா" என்றாள் பதூல். "வெட்டிட்டாங்க."