காதால கேளு, மாமா

கல்யாணங்களிலும் கடற்கரை ரிசார்ட்டுகளிலும் பாட்டுப் போடுவதுதான் எனக்கும் என் மனைவியின் தம்பிக்கும் பிழைப்பு. கூடுவாஞ்சேரியில் ஒரே வீட்டில் மாடியும் கீழுமாக இருக்கிறோம். சண்டைக்குக் குறைவில்லை. நான் சிடி ஆள். ஒரு பாட்டு ஓடும்போதே அடுத்ததை ஹெட்போனில் ஒற்றைக் காதில் கேட்டு, இரண்டு தாளமும் ஒன்றாகும்வரை சிடி பிளேயரின் சக்கரத்தை விரலால் தள்ளிப் பிடிப்பேன். அவன் லேப்டாப் ஆள். சிங்க் பொத்தானை அமுக்கினால் இரண்டு தாளத்தையும் அதுவே சேர்த்துவிடும்.

"இதுக்கு நீ எதுக்குடா? ஒரு கொரங்க ஒக்கார வெச்சா போதும்."

"உன் சிடிய படாளம் பக்கம் வயல்ல கட்டித் தொங்கவுடு மாமா, காக்கா வராது."

பிறகு என் வலது காது போனது. ஸ்பீக்கர் பக்கத்திலேயே நின்று தேய்ந்ததாம். இடதும் போய்க்கொண்டிருக்கிறது, திரும்பாது என்றார் செங்கல்பட்டு டாக்டர். பாஸ் என்கிற கனத்த அதிர்வு நெஞ்சில் இடிக்கும். மேளத்தின் கூர்மையான அடி மட்டும் வராது. வீட்டில் மூச்சு விடவில்லை. காது கேட்காத டிஜேயை எந்த மடையன் கூப்பிடுவான்?

சத்தமில்லாமல் லேப்டாப்புக்கு மாறினேன். "வந்தியா வழிக்கு!" என்று மச்சான் குதித்தான். ஜெயித்ததாகவே நினைத்துக்கொள்ளட்டும் என்று விட்டுவிட்டேன். திரையில் விளக்கு எரிந்தால் தாளம் சேர்ந்துவிட்டது. கண் இருந்தால் போதும். நான் வாய்க்கு வந்தபடி திட்டிய அந்தப் பெட்டிக்குக் கடன்பட்டுக் கிடந்தேன்.

மாமல்லபுரத்துக்கு வடக்கே ஒரு குப்பத்தில் கல்யாண வரவேற்பு. மாப்பிள்ளையின் கூட்டாளிகள் அவன் பெயரை வைத்துப் பாட்டுக் கட்டி, தாங்களே மேளம் அடித்துப் பாடிப் பதிந்து கொண்டுவந்திருந்தார்கள். ஓடிக்கொண்டிருந்த பாட்டோடு அதைச் சேர்த்தேன். விளக்கு எரிந்தது. ஆனால் குஷியில் மேளம் அடிக்கிற கை போகப் போக வேகமெடுக்கும். அது மெஷினுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும்; கேட்டால்தானே பிடித்து நிறுத்த?

ஆடியவர்களின் கால் பின்னிக்கொண்டது. ஒவ்வொருவராக நின்றார்கள். அவர்கள் பாட்டை நான் கேலி செய்வதுபோல மாப்பிள்ளை என்னை முறைத்தான். மச்சான் ஸ்பீக்கர் பக்கமிருந்து ஓடிவந்து என் இடது காதில் கத்தினான்.

"இன்னா மாமா, ரெண்டும் வேற வேறயா ஓடிக்கினு கீது! ஸ்கிரீன வுடு, காதால கேளு!"

"கேக்கல மச்சான்."

"ஹெட்போன் போச்சா?"

"காது போச்சுடா."

அவன் என் கழுத்திலிருந்து ஹெட்போனைக் கழற்றி ஒற்றைக் காதில் வைத்தான். சிங்க்கை அணைத்தான். லேப்டாப்போடு இணைத்திருந்த பலகையின் சக்கரத்தை விரலால் மெல்லத் தள்ளினான், என்னைப் போலவே. கூட்டம் மறுபடி ஆட ஆரம்பித்தது. நான் கையைக் கட்டிக்கொண்டு ஓரமாக நின்றேன். அவமானத்தைவிட, இனி என்ன செய்வேன் என்ற பயம்தான் பெரிதாக இருந்தது.

இப்போதும் அவனோடு போகிறேன். ஒயர் இழுக்கிறேன், பெட்டி தூக்குகிறேன். போன வாரம் ஊரப்பாக்கத்தில் ஒரு கல்லூரிப் பையன் அவனிடம், சிடி நல்லதா லேப்டாப் நல்லதா என்று கேட்டான். நான் சண்டைக்குத் தயாராகி வாயைத் திறந்தேன். அதற்குள் மச்சான் என் பக்கம் திரும்பி, எனக்குக் கேட்கட்டும் என்று சத்தமாகச் சொன்னான்.

"மாமா சொல்றதுதான் கரெக்டு."

நான் இன்னும் எதுவும் சொல்லவே இல்லை. இத்தனை வருஷச் சண்டையில் ஒருநாள்கூட அவன் அப்படி விட்டுக்கொடுத்ததில்லை.